சொல்லாத தீர்ப்பு

சில வருடங்களுக்கு முன் ஒரு மாரிகாலச் சனிக்கிழமை, ரொறன்ரோவின் கிழக்குப் பக்கத்தில் ஒரு செத்தவீட்டுக்குப் போயிருந்தோம். செத்தவர் எமக்குத் தூரத்து உறவில் பெரியப்பா முறையானவர். தொண்ணூறை எட்டிப்பிடித்த மனிதர். கொழும்பில் அரசாங்க எழுதுவினைஞராக இருந்தவர். சிங்களப் பரீட்சை எழுதமாட்டேன் என்று நின்று, சம்பள ஏற்றம் மறிக்கப்பட்டு, காலத்துக்கு முன்னரே உத்தியோகத்தை விட்டு ஊருக்கு வந்து தோட்டம் செய்தவர். இந்தக் கதை எங்கள் வீடுகளில் எல்லாருக்கும் பாடம். அன்றைக்குப் பேசியவர்களும் அதைத்தான் சொன்னார்கள்.

பேச்செல்லாம் முடிந்தபின் சக்கரநாற்காலியில் ஒரு கிழவரைப் பேத்தி தள்ளிக்கொண்டு வந்தாள். அவரை அங்கே நின்றவர்களில் பாதிப்பேருக்குத் தெரியாது. பெரியப்பாவும் அவரும் ஒரே வருடத்தில் சேவைக்குச் சேர்ந்தவர்கள். வெள்ளவத்தையில் ஒரே சமறியில் இருந்து, ஒரே பானையில் சோறு தின்றவர்கள். பெரியப்பா எழுதாத பரீட்சையை அவர் எழுதினார். சித்தியடைந்தார். பதவியுயர்வு கிடைத்தது. அவருக்குக் கரைசேர்க்க வேண்டிய சகோதரிகள் நான்கு பேர் இருந்தார்கள் என்பது எங்களுக்குப் பிற்பாடுதான் தெரியவந்தது. ஒருநாள் கந்தோர் வாசலில் பத்துப்பேர் முன்னிலையில் பெரியப்பா அவரை ஒரு சொல் சொன்னாராம். அதற்குப் பிறகு ஏறத்தாழ அறுபது வருடங்கள் இருவரும் கதைக்கவில்லை. கடைசி இருபது வருடங்களும் ஒரே நகரத்தில் இருந்தார்கள், ஒரே கோயிலுக்குப் போனார்கள், அப்படியிருந்தும் கதைக்கவில்லை.

பெட்டிக்குக் கிட்டப் போனதும் அவர் எங்களைக் குனியச்சொல்லிக் காதுக்குள் சொன்னார்:

"தம்பி, அரசாங்கம் என்னை வேலையாலை நிப்பாட்டுறதெண்டாலும் முதலிலை ஒரு கடிதம் தந்து விளக்கம் கேட்டிருக்கும். இவன் கேக்கேல்லை."

அந்த வாக்கியம் எங்களை விட்டுப் போகவில்லை. இந்தக் கட்டுரை அதைப் பற்றியதுதான். நீதிமன்றத்தை மதிப்பது என்றால் என்ன, அவமதிப்பது என்றால் என்ன, அதைப் பேச எங்களுக்கு என்ன தகுதி இருக்கிறது என்பவற்றை யோசிக்கும்போதெல்லாம் அந்தக் கிழவரின் குரல் குறுக்கே வருகிறது.

*

'விளக்கம் கேட்டல்' என்பது கந்தோர்ப் பாஷை. ஓர் அரச ஊழியரைத் தண்டிப்பதானால் முதலில் அவரிடம் விளக்கம் கோரவேண்டும். விளக்கம் போதாவிட்டால் குற்றப்பத்திரிகை. பிறகு ஒழுக்காற்று விசாரணை. அதில் அவர் தன் பக்கத்துச் சாட்சிகளை அழைக்கலாம், எதிர்ப்பக்கச் சாட்சிகளைக் குறுக்குக் கேள்வி கேட்கலாம். பிறகு காரணங்களோடு ஒரு தீர்மானம். அதன்மேல் மேன்முறையீடு. தாபன விதிக்கோவையைப் புரட்டியவர்களுக்கு இது அலுப்பான சங்கதி. கோழி மேய்ச்சாலும் கோறணமேந்திலை மேய்க்கவேணும் என்ற எங்கள் பழமொழியைச் சொல்லிச் சிரிக்கிறபோது, அந்தக் கோறணமேந்துக் கோவைகளையும் சேர்த்துத்தான் சிரித்தோம். பேனை பிடித்தவன் சண்டை பேனைச் சண்டை, இரண்டு படி ஏறுவதற்கு இருபது மனு என்று எங்கள் தலைமுறை இளக்காரம் பண்ணியது.

ஆனால் அந்தக் கோவைகளுக்குள் இரண்டு பழைய விதிகள் இருந்தன. மறுதரப்பைக் கேட்காமல் தீர்ப்புச் சொல்லாதே. உன் சொந்த வழக்குக்கு நீயே நீதிபதியாக இராதே.

இவற்றில் முதலாவதைப் பற்றிய புகழ்பெற்ற வழக்கு ஒன்று 1723இல் இங்கிலாந்தில் நடந்தது. றிச்சட் பென்ற்லி பெரிய பண்டிதர், கேம்பிறிட்ஜில் திறினிற்றி கல்லூரியின் தலைவர், வாய்க்கொழுப்பும் கூடியவர். பல்கலைக்கழகத்தின் சொந்த நீதிமன்றத்திலிருந்து அவருக்கு அழைப்பாணை வந்தபோது அதை இழிவாகப் பேசித் திருப்பினார். அது நீதிமன்ற அவமதிப்பு என்று சொல்லிப் பல்கலைக்கழகம் அவரை அழைத்து விசாரியாமலே அவருடைய பட்டங்களைப் பறித்தது. அரச நீதிமன்றம் அது செல்லாது, பட்டங்களைத் திருப்பிக் கொடு என்றது. ஆதாமை ஏதேன் தோட்டத்தால் துரத்தமுன் கடவுள்கூட அவனைக் கூப்பிட்டு விளக்கம் கேட்டார் என்று அந்த வழக்கில் ஒரு நீதிபதி நினைவூட்டினார். எல்லாம் அறிந்த கடவுளுக்கு விளக்கம் தேவையில்லை. தேவை ஆதாமுக்குத்தான்.

இந்த வழக்கில் எமக்கு முக்கியமாகப் படுவது ஒன்றுண்டு. பென்ற்லி உண்மையில் அவமதித்தார். அவர் நல்ல பிள்ளை என்பதற்காகப் பட்டம் திரும்பவில்லை. அவமதித்தவனுக்கும் விளக்கம் சொல்லும் உரிமை உண்டு என்பதற்காகத் திரும்பியது.

*

இனி எங்கள் நாட்டுக்கு வருவோம். பெரியப்பாவும் அவருடைய நண்பரும் பிரிந்துபோனது ஒரு சுற்றுநிருபத்தால்.

1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டம் சிங்களத்தை மட்டும் அரசகரும மொழியாக்கியது. முழுதாக நடைமுறைக்குக் கொண்டுவர 1960 முடியும்வரை அவகாசம் வைத்தது. 1961 டிசம்பரில் திறைசேரி ஒரு சுற்றுநிருபம் அனுப்பியது. குறித்த தவணைக்குள் சிங்களத் தேர்ச்சிப் பரீட்சையில் சித்தியடையாத உத்தியோகத்தரின் சம்பள ஏற்றம் நிறுத்தப்படும் என்பது அதன் சாரம். பலர் எழுதினார்கள். சிலர் எழுதவில்லை. எழுதாதவர்களில் ஒருவர் செல்லையா கோடீஸ்வரன். 1952இல் எழுதுவினைஞர் சேவையில் சேர்ந்து, 1959இல் மேல்வகுப்புக்கு உயர்ந்தவர். 1962இல் அவருக்கு வரவேண்டிய சம்பள ஏற்றம் வரவில்லை. அவர் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் அரசுக்கு எதிராக வழக்குப் போட்டார்.

கேட்டது ஒரு சிறு தொகை. ஆனால் அந்தத் தொகைக்குள் நாட்டின் முழுக் கேள்வியும் இருந்தது. சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு, ஒரு சமூகத்தவர்மீது மற்றச் சமூகத்தவருக்கு இல்லாத பாரத்தைச் சுமத்தும் சட்டத்தைப் பாராளுமன்றம் இயற்றக்கூடாது என்றது. அப்படி இயற்றினால் அது செல்லாது என்றும் சொன்னது. ஆகவே சம்பள ஏற்றம் கொடுக்கவேண்டுமா என்று கேட்டால், தனிச் சிங்களச் சட்டம் செல்லுமா என்றும் கேட்கவேண்டிவரும்.

1964இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிறெற்சர் அந்தக் கேள்விக்கு நேரே முகம்கொடுத்தார். சட்டம் 29ஆம் பிரிவை மீறுகிறது, செல்லாது, சம்பள ஏற்றத்தைக் கொடு என்றார். அரசு மேன்முறையீடு செய்தது. 1967இல் உயர் நீதிமன்றம் வேறொரு வாசலால் வெளியேறியது. முடிக்குரிய ஊழியன் தன் சம்பளத்துக்காக முடிமேல் வழக்குப் போட முடியாது, ஆகவே மொழிச் சட்டத்தைப் பற்றி நாங்கள் எதுவும் சொல்லவேண்டியதில்லை என்றது. கோடீஸ்வரன் லண்டனில் இருந்த பிரிவிக் கவுன்சிலுக்குப் போனார். 1969 டிசம்பரில் டிப்லொக் பிரபு தீர்ப்புச் சொன்னார். அரச ஊழியன் தன் சம்பளத்துக்கு வழக்குப் போடலாம், உயர் நீதிமன்றம் சொன்னது பிழை. ஆனால் மொழிச் சட்டம் பற்றிய கேள்வியை இலங்கையின் உயர் நீதிமன்றம் முதலில் ஆராயட்டும் என்று வழக்கைத் திருப்பி அனுப்பினார்.

அது திரும்பிப் போனது. அந்தக் கேள்வி பிறகு எங்கும் தீர்க்கப்படவில்லை. 1971இல் பிரிவிக் கவுன்சிலுக்கான மேன்முறையீடுகள் ஒழிக்கப்பட்டன. 1972 மே 22இல் புதிய குடியரசு அரசியலமைப்பு வந்தது. அதில் 29ஆம் பிரிவு இல்லை. கேள்விக்குப் பதில் சொல்வதற்குப் பதிலாகக் கேள்வியின் நிலத்தையே கிண்டி எடுத்துவிட்டார்கள். அதே அரசியலமைப்பு அரச ஊழியரின் நியமனம், பதவியுயர்வு, ஒழுக்காற்று எல்லாவற்றையும் மந்திரிசபையின் கையில் கொடுத்தது.

இதில் நீதிமன்றத்தை அவமதித்தவர் யார்? கோடீஸ்வரன் சத்தம் போடவில்லை. நீதிபதியை ஏசவில்லை. படிப்படியாகப் போய், ஒவ்வொரு மேசையிலும் பவ்வியமாகத் தன் கடதாசியை வைத்தார். ஒரு குடிமகன் நீதிமன்றத்துக்குக் காட்டக்கூடிய மரியாதை முழுவதையும் அவர் காட்டினார். பதிலுக்கு நாடு அவருக்கு ஒரு சொல்லாத தீர்ப்பைக் கொடுத்தது.

*

நீதிமன்றத்தைத் தூற்றுவதே குற்றம் என்ற சட்டத்தின் பிறப்பும் ஒரு சொல்லாத தீர்ப்பில்தான் இருக்கிறது. 1765இல் லண்டனில் ஜோன் அல்மன் என்ற புத்தக வியாபாரி பிரதம நீதியரசரைத் தாக்கும் துண்டுப்பிரசுரம் ஒன்றை வெளியிட்டதற்காக வழக்கு வந்தது. நீதிபதி வில்மொற் நீண்ட தீர்ப்பொன்றை எழுதிவைத்தார். நீதிபதியின் மகிமையைக் காப்பது பற்றியும், யூரிமார் இல்லாமலே அவமதித்தவனைத் தண்டிக்கலாம் என்பது பற்றியும் அதில் எழுதினார். ஆனால் வழக்குப் பத்திரத்தில் ஒரு பிழை இருந்ததால் வழக்குக் கைவிடப்பட்டது. தீர்ப்பு வாசிக்கப்படவேயில்லை. அவர் இறந்தபின் மகன் 1802இல் தந்தையின் தாள்களை அச்சிட்டார். அதைப் பிடித்துக்கொண்டு பிற்கால நீதிபதிகள் இதுதான் சட்டம் என்றார்கள்.

அந்தச் சட்டம் கப்பலேறி எங்கள் பக்கமும் வந்தது. 1899இல் சென் வின்சன்ற் தீவிலிருந்து வந்த வழக்கொன்றில் பிரிவிக் கவுன்சில் வெளிப்படையாகவே ஒன்றைச் சொன்னது: இங்கிலாந்தில் இப்படியான வழக்குகள் வழக்கொழிந்துவிட்டன, ஆனால் நிறத்தவர் பெரும்பான்மையாக வாழும் சிறிய குடியேற்ற நாடுகளில் இவை அவசியமாக இருக்கலாம். அதாவது வெள்ளையன் தன் நீதிபதியை ஏசினால் நீதி தாங்கும். கறுத்தவன் ஏசினால் தாங்காது.

இங்கிலாந்து தன் பாட்டில் நடந்தது. 1987இல் ஒரு லண்டன் பத்திரிகை மூன்று உயர் நீதிபதிகளின் படங்களைத் தலைகீழாக அச்சடித்து முட்டாள்கள் என்றது. வழக்கு வரவில்லை. 2013இல் அந்தக் குற்றத்தையே சட்டத்திலிருந்து எடுத்துவிட்டார்கள். நாங்கள் சுதந்திரம் பெற்ற நாடு அதைப் பத்திரமாக வைத்துக்கொண்டது. எவ்வளவு அவமதிப்புக்கு எவ்வளவு தண்டனை என்று வரையறுக்கும் சட்டமொன்றும் நெடுங்காலம் இருக்கவில்லை. தனிச்சட்டம் 2024இல்தான் வந்தது.

அந்த இடைக்காலத்தில் 2003 பெப்ரவரியில் டொனி பெர்னாண்டோ என்ற ஆங்கில ஆசிரியர் தன் வழக்கைத் தானே பேசவந்தார். வேலையில் ஏற்பட்ட காயத்துக்கு நட்டஈடு கேட்டுத் தொடங்கிய வழக்கு அது. மனுவுக்கு மேல் மனுவாகப் போட்டதும், மன்றத்தில் குரலை உயர்த்தியதும் அவர் குற்றம். பிரதம நீதியரசரையே தன் மனுவில் எதிராளியாகக் குறிப்பிட்டிருந்தார். அந்தப் பிரதம நீதியரசர் தலைமை தாங்கிய அமர்வே அன்றைக்கே அவருக்கு ஒரு வருடக் கடூழியச் சிறை விதித்தது. 2005இல் ஐக்கிய நாடுகள் மனித உரிமைக் குழு அது எதேச்சையான சிறைவைப்பு என்று கண்டது. 2021 ஜனவரியில் றஞ்சன் ராமநாயக்க என்ற நடிகரும் பாராளுமன்ற உறுப்பினருமானவர், நீதிபதிகளில் பெரும்பாலோர் ஊழல்காரர் என்று 2017இல் சொன்ன ஒரு வாக்கியத்துக்காக நான்கு வருடக் கடூழியச் சிறை பெற்றார். அடுத்த வருடம் மன்னிப்பில் வெளியே வந்தார்.

இருவரும் சிங்களவர்கள். இதை அழுத்திச் சொல்லவேண்டும். இந்தச் சட்டம் இனம் பார்த்துக் கடித்ததில்லை. வாய் திறந்தவனைக் கடித்தது.

*

வாயால் செய்யும் அவமதிப்பு ஒன்று. கையைக் கட்டிக்கொண்டிருந்து செய்யும் அவமதிப்பு இன்னொன்று. தீர்ப்பு வரும், கட்டளை வரும், கோவை அசையாது. அரச ஊழியர் வழக்காடி வென்ற பிறகும், 'மேலிடத்துக்கு எழுதியிருக்கிறோம்' என்ற பதிலை வைத்துக்கொண்டு பென்சன் வயதைத் தாண்டுவது எங்கள் நாட்டிலும் அயல்நாட்டிலும் புதிதல்ல. அங்கே யாரும் நீதிபதியை ஏசவில்லை. எல்லாரும் 'கனம்' போட்டே கடிதம் எழுதுகிறார்கள். ஆனால் நீதிமன்றத்தின் சொல்லுக்கு விலையில்லாமல் போகிறது.

இதன் உச்சத்தை 2013 ஜனவரியில் பார்த்தோம். பிரதம நீதியரசர் ஷிராணி பண்டாரநாயக்கவைப் பதவிநீக்கப் பாராளுமன்றத் தெரிவுக்குழு ஒன்று விசாரித்தது. குற்றஞ்சாட்டிய கட்சியே குழுவில் பெரும்பான்மை. அவர் இது நியாயமான விசாரணையல்ல என்று எழுந்து வெளியேறினார். அப்படியொரு குழுவுக்கு விசாரிக்கும் சட்ட அதிகாரம் இல்லை என்றது உயர் நீதிமன்றம். குழுவின் அறிக்கையை மேன்முறையீட்டு நீதிமன்றம் இரத்துச் செய்தது. அதை மீறி ஜனவரி 11ஆம் திகதி பாராளுமன்றம் வாக்களித்தது. சனாதிபதி அவரை நீக்கினார். 2014இல் புதிய பிரதம நீதியரசரின் காலத்தில் உயர் நீதிமன்றமே மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் தீர்ப்பைத் தள்ளிவைத்தது. 2015 ஜனவரியில் ஆட்சி மாறியதும் அவருடைய நீக்கம் ஆரம்பத்திலிருந்தே செல்லாது என்று திரும்ப அமர்த்தினார்கள். அவர் ஒருநாள் ஆசனத்தில் இருந்து, மறுநாள் ஓய்வு பெற்றார்.

ஒரு நாட்டின் முதல் நீதிபதியின் ஒழுக்காற்று விசாரணையே இப்படி நடந்தால், ஒரு கச்சேரி எழுதுவினைஞரின் விசாரணை எப்படி நடக்கும்? நீதிமன்றக் கட்டளையை மீறியதற்காக அன்று ஒருவரும் சிறைக்குப் போகவில்லை. குரலை உயர்த்திய ஆசிரியர் ஒரு வருடம். கட்டளையை மிதித்த அரசாங்கத்துக்கு ஒரு நாள்கூட இல்லை.

வேறு விதமாகவும் நடக்கலாம் என்பதற்கு எங்களைப் போன்ற ஓர் அகதியின் வழக்கே சாட்சி. 1991 மே மாதம் சயர் நாட்டு ஆசிரியர் ஒருவரை, அவருடைய வழக்கு நீதிமன்றத்தில் இருக்கும்போதே, பிரித்தானிய உள்துறை விமானமேற்றி அனுப்பியது. அவரைத் திருப்பிக் கொண்டுவா என்று நீதிபதி இரவில் கட்டளையிட்டார். உள்துறைச் செயலாளர் சட்ட ஆலோசனை கேட்டு, கொண்டுவரத் தேவையில்லை என்று முடிவுசெய்தார். 1993இல் பிரபுக்கள் சபை, உள்துறைச் செயலாளர் அந்தப் பதவியின் பேரில் நீதிமன்றத்தை அவமதித்தார் என்று தீர்ப்பளித்தது. அமைச்சர் சட்டத்துக்குக் கீழ்ப்படிவது கருணையால் அல்ல, கடமையால் என்பதே அதன் பொருள். ஊரும் பேரும் மறைத்து 'எம்' என்ற ஓர் எழுத்தால் மட்டும் அழைக்கப்பட்ட ஓர் அகதியின் வழக்கில் இது சொல்லப்பட்டது. ஆனால் விமானம் போனது 1991இல். தீர்ப்பு வந்தது 1993இல். அதையும் மறக்கக்கூடாது.

*

நீதி தராத நீதிமன்றத்தை ஏன் மதிக்கவேண்டும்? எங்கள் தலைமுறை இதற்கு ஒரு பதில் வைத்திருந்தது. மதிக்கத் தேவையில்லை, எங்களுக்கு வேறு நீதி இருக்கிறது என்றோம். கோடீஸ்வரன் வழக்கு முடிந்தவிதத்தை அந்தப் பதிலுக்கு ஆதாரமாகக் காட்டினோம். காட்டியது பிழையல்ல. ஆனால் அதிலிருந்து நாங்கள் எடுத்த பாடம் சரிதானா?

எங்கள் இலக்கியத்தில் மிகப் பெரிய நீதிமன்ற அவமதிப்பைச் செய்தவள் கண்ணகி. அரசன் சபையில், அரசன் முகத்துக்கு நேரே, நீ விசாரிக்காதவன் என்றாள். அவள் சொன்ன குற்றம் கொலைகூட அல்ல. விசாரியாமை. பொற்கொல்லன் சொன்னதை நம்பி, கோவலனை அழைத்து ஒரு சொல் கேட்காமல் அரசன் கட்டளையிட்டான். பாண்டியனின் பெருமை என்னவென்றால், சபையில் சத்தம் போட்டதற்காக அவளைப் பிடிக்கச் சொல்லவில்லை. சிலம்பைக் கொண்டுவா என்றான். அவள் சிலம்பை உடைத்தாள். மாணிக்கப் பரலைக் கண்டதும் அரசன் தானே கள்வன் என்று தன்மேல் தீர்ப்புச் சொல்லி விழுந்தான். அவமதித்தவளுக்கு அவன் கொடுத்தது ஒரு விசாரணை. அதனால்தான் அவன் இன்றும் நினைக்கப்படுகிறான்.

இதுவரை நாங்கள் எல்லோரும் மேடைகளில் சொல்லியிருக்கிறோம். அடுத்த காட்சியைத்தான் அவசரமாகக் கடந்துவிடுகிறோம். கண்ணகி மதுரையை எரித்தாள். பசுக்களையும் பத்தினிகளையும் முதியோரையும் குழந்தைகளையும் விட்டுத் தீயோர் பக்கம் மட்டும் சேர் என்று தீயிடம் சொன்னாள். தீ எப்படி விசாரித்தது? யாரிடம் விளக்கம் கேட்டது? விசாரியாமை என்ற குற்றத்துக்காக அரசனை வீழ்த்தியவள், ஒரு நகரத்தை விசாரிக்காமல் எரித்தாள். இளங்கோ இதைக் குற்றமாகச் சொல்லவில்லை. நாங்கள் எங்கள் காலத்தைப் பார்த்துவிட்டுத்தான் இதைக் கேட்கிறோம்.

எங்கள் காலம் என்ன? எண்பதுகளில் எங்கள் ஊர்களின் மின்கம்பங்கள். காலையில் ஓர் உடல், கழுத்தில் ஒரு மட்டை, மட்டையில் ஒரு சொல். அந்தச் சொல்தான் குற்றப்பத்திரிகை, அதுதான் தீர்ப்பும். சாட்சி யார், விளக்கம் என்ன, மேன்முறையீடு எங்கே என்று கேட்டவர்கள் மிகச் சிலர். கேட்டவர்களுக்கும் அதே மட்டை காத்திருந்தது. இயக்கத்துக்கு இயக்கம் பெயர் மாறியது, முறை மாறவில்லை. நாங்கள் என்ன செய்தோம்? 'ஏதோ செய்திருப்பான், சும்மா சுடுவாங்களே' என்றோம். ஒரு சம்பள ஏற்றத்தை வெட்டுவதற்கே விளக்கம் கேட்டு இரண்டு கடிதம் எழுதவேண்டும் என்ற முறைக்குள் வளர்ந்த சமூகம் நாங்கள். ஓர் உயிரை வெட்ட ஒரு கடிதமும் தேவையில்லை என்று ஒப்புக்கொண்டோம்.

இதைச் சொல்வதால் அரசின் கணக்கு நேராகிவிடாது. காணாமற்போனவர்களின் தாய்மார் பதிலுக்காக இருந்து இருந்து சாகிறார்கள். அதுவும் சொல்லாத தீர்ப்புத்தான், எல்லாவற்றிலும் பெரியது. ஆனால் அவர்கள் கேட்பதைக் கவனித்துப் பாருங்கள். விசாரி என்று கேட்கிறார்கள். அந்தச் சொல்லை நாங்கள் அரசிடம் கேட்பதானால், அதை எங்களுக்குள்ளும் கேட்கத் தெரிந்திருக்கவேண்டும்.

*

இந்த நாடுகளில் எங்களுக்கு இருக்கும் வாழ்வே ஒரு விசாரணையால் வந்தது. கனடாவில் 1985 ஏப்ரல் 4இல் உயர் நீதிமன்றம், அகதி கோருபவரை வெறும் கடதாசியில் நிராகரிக்க முடியாது, நேரே இருத்திக் கேட்கவேண்டும் என்று சிங் வழக்கில் தீர்ப்பளித்தது. கேட்டவர்கள் பஞ்சாபிச் சீக்கியர்கள் சிலரும் வேறொருவரும். பலன் பெற்றவர்களில் நாங்களும் உண்டு. ஒரு சிறிய அறை, ஒரு மேசை, ஒரு மொழிபெயர்ப்பாளர். எங்களில் எத்தனை பேர் அந்த மேசைக்கு முன்னால் கைநடுங்க இருந்து, வாழ்க்கையில் முதற்தடவையாக ஓர் அதிகாரி 'உனக்கு என்ன நடந்தது?' என்று கேட்பதைக் கேட்டோம்! சிலரை நம்பினார்கள், சிலரை நம்பவில்லை. நம்பாதபோதும் காரணம் எழுதித் தந்தார்கள்.

அங்கே வாங்கியதை நாங்கள் எங்கே கொடுக்கிறோம்? கோயில் சபையிலும் ஊர்ச் சங்கத்திலும் ஒருவரை நீக்கும்போது அவருக்கு ஒரு கடிதம் போகிறதா? ஒரு வானொலியில் ஒரு பெயர் சொல்லப்பட்டால், அந்தப் பெயர்காரரை ஒருநாள் அழைத்துக் கேட்கிறோமா? இவை சின்ன விஷயங்கள்தான். சம்பள ஏற்றமும் சின்ன விஷயந்தான்.

நீதிமன்றத்தின் மரியாதை நீதிபதியின் ஆசனத்தில் இருப்பதாக நாங்கள் நினைக்கவில்லை. மறுதரப்பைக் கேட்பதிலும், தன் வழக்கில் தான் தீர்ப்புச் சொல்லாமல் விலகுவதிலும், கேட்ட கேள்விக்குக் காரணத்தோடு பதில் சொல்வதிலும், சொன்ன பதிலை நடைமுறையில் காண்பதிலும்தான் அது இருக்கிறது. இவற்றைச் செய்யும் மன்றத்தை ஒருவன் ஏசினாலும் அது சிறுத்துப்போகாது. இவற்றைச் செய்யாத மன்றத்தை எல்லோரும் எழுந்துநின்று வணங்கினாலும் அதற்கு மரியாதை வராது. மன்றம் என்ற பெயர் இல்லாமல் நாங்கள் தினமும் கூட்டுகிற மன்றங்களுக்கும் இது பொருந்தும்.

பெரியப்பா பரீட்சை எழுதாதது சரி என்றுதான் இப்போதும் நினைக்கிறோம். அதற்காக அவர் கொடுத்த விலை பெரியது. அங்கே 2007ஆம் ஆண்டுச் சுற்றுநிருபம் ஒன்று, புதிதாகச் சேரும் அரச ஊழியர் எவரும் மற்ற அரசகரும மொழியில் தேர்ச்சி பெறவேண்டும் என்றது. சிங்களவர் தமிழும் தமிழர் சிங்களமும் படிக்கவேண்டும் என்று இரு பக்கத்துக்கும் ஒரே விதி எழுதப்பட்டிருக்கிறது. அது எவ்வளவு நடைபெறுகிறது என்பது வேறு கதை. 1961இல் விதி இரு பக்கத்துக்கும் பொதுவாக இருந்திருந்தால் பெரியப்பா எழுதியிருப்பார் என்றே நம்புகிறோம். ஆனால் அவர் செய்தது சரி என்பதால், நண்பரைப் பற்றி அவர் சொன்ன சொல்லும் சரியாகிவிடுமா?

செத்தவீடு முடிந்து வெளியே வந்தபோது பனி கொட்டிக்கொண்டிருந்தது. பேத்தி காரைக் கொண்டுவரப் போயிருந்தாள். வாசலில் அந்தக் கிழவரோடு நின்றோம். பெரியப்பா அன்றைக்கு விளக்கம் கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள் என்று கேட்டோம். கேட்டபிறகு, கேட்டிருக்கக்கூடாதோ என்று யோசித்தோம்.

அவர் கொஞ்சநேரம் றோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"கனக்கச் சொல்லுறதுக்கு இருந்தது தம்பி," என்றார். "இப்ப ஒண்டும் ஞாபகம் இல்லை. ஒருத்தரும் கேக்காட்டி மறந்துபோகுமெல்லே."